கடைசி ரீலும் கண்ணாடிக் கூடும்

மதிப்பும், இப்போதைக்குக் கோபமும் மிகுந்த பெரிய மாமா அவர்களுக்கு,

உங்கள் தங்கை மகன் வாலு, வாலைச் சுருட்டி வைத்துவிட்டு எழுதுவது. இங்கே நாங்கள் நலம். அங்கே நீங்கள் நலமா என்று கேட்கும் முகம் எனக்கில்லை. ஆனால் கேட்காவிட்டால் அது கடிதமே இல்லை என்கிறாள் அம்மா. கேட்டுவிட்டேன். போனில் என் குரல் கேட்டதும் வைத்துவிடுகிறீர்கள். காகிதத்தை அப்படி வைக்க முடியாது, கிழிக்கத்தான் முடியும். கிழிப்பதென்றால் கடைசி வரி வரை படித்துவிட்டுக் கிழியுங்கள் மாமா.

நடந்தது உங்களுக்குத் தெரியும், இருந்தாலும் என் வாயால் சொன்னால்தான் எனக்கு உறைக்கும். போன ஞாயிறு பழைய தியேட்டரில் அந்த முதலாளி கொலைப் படத்தை மறுபடி போட்டார்கள். இஸ்திரி போட்ட சட்டையோடு ஒரு மணி நேரம் முன்னதாகவே வந்து நின்றீர்கள். அந்தப் படத்தின் முடிவை மட்டும் நீங்கள் பார்த்ததில்லை என்பது நம் வீட்டில் எல்லோருக்கும் சிரிப்பு. நானும் சிரித்தேன். சிரித்ததோடு நிறுத்தியிருக்கலாம். என் கூட்டாளிகள் மூன்று பேர் பின்வரிசையில் உட்கார்ந்து, "எங்கடா, ஏதாவது பண்ணிக் காட்டு" என்று ஏற்றிவிட்டார்கள். விளக்கு அணைந்த பிறகுதான் நீங்கள் மூக்குக் கண்ணாடிக் கூட்டைத் திறப்பீர்கள் என்பது எனக்குத் தெரியும். அதற்குள் ஒரு சீட்டு வைத்தேன். "கொன்றது டாக்டர். இப்படிக்கு, கடைசி ரீல்."

திரையில் முதலாளி மேஜைமேல் கவிழ்ந்து கிடக்கிறார், இங்கே நீங்கள் போன் வெளிச்சத்தில் சீட்டைப் படிக்கிறீர்கள். "லைட்டை அணைங்க சார், படம் பாக்க வந்தோமா உங்க மூஞ்சியைப் பாக்க வந்தோமா?" என்று பின்னாலிருந்து ஒருவர் கத்தினார். நீங்கள் என்னை ஒரு அறை விடுவீர்கள் என்று கன்னத்தைத் தயாராக வைத்திருந்தேன். அறையவில்லை. சீட்டை நாலாக மடித்துச் சட்டைப்பையில் போட்டு, கண்ணாடியைக் கழற்றிக் கூட்டில் வைத்து, "மன்னிக்கணும், மன்னிக்கணும்" என்று ஒவ்வொரு முழங்காலாகத் தாண்டி வெளியே போனீர்கள். நான் பின்னாலேயே ஓடி வந்தேன். வாசலில் நின்று, "நீயாவது உள்ள போய்ப் பாருடா" என்றீர்கள். அவ்வளவுதான். அந்த அறையே விழுந்திருக்கலாம் மாமா.

வீட்டுக்கு வந்து சொன்னேன். அம்மா கையிலிருந்த கரண்டியைக் கீழே வைத்தாள். கரண்டியை அவள் கீழே வைத்தால் அது சாதாரண கோபமில்லை.

"அறிவிருக்காடா உனக்கு? எங்கண்ணன் ஏன் முடிவு பாக்கலன்னு என்னைக்காவது கேட்டிருக்கியா?"

"தூங்கிட்டாருன்னு நெனச்சேம்மா."

"தூங்கினாரா? அப்போ இந்தப் படத்துக்கு நம்ம ஊரு, பக்கத்து ஊருன்னு ரெண்டு தியேட்டருக்கும் சேத்து ஒரே ஒரு பிரிண்டு. இங்க ஓடி முடிஞ்ச ரீலை சைக்கிள்ல கட்டி அங்க கொண்டுபோறதுதான் அவர் வேலை. இங்க கடைசி ரீல் ஓடும்போது அதுக்கு முந்தின ரீலோட அவர் நடு ரோட்டுல. அங்க கடைசி ரீல் ஓடும்போது, அடுத்த ஆட்டத்துக்கு மொதல் ரீல்களைத் தூக்கிட்டு இங்க திரும்பிட்டிருப்பாரு. படம் ஓடின ஏழு வாரமும் இப்படித்தான்டா! படம் விட்டு வர்ற கூட்டம் எதிர்ல வந்தா காதைப் பொத்திக்கிட்டே சைக்கிள் மிதிப்பாரு."

காதைப் பொத்திக்கொண்டு சைக்கிள் எப்படி மிதிப்பது என்று கேட்க வாய் வந்தது. மூடிக்கொண்டேன். என் ஆயுளில் நான் விழுங்கிய முதல் கேள்வி அது. நீங்கள் ரீல் சுமந்தவர், நான் ரீல் விடுகிறவன். தியேட்டரில்தான் பார்ப்பது என்று நீங்கள் நாற்பது வருடம் டிவியிலும் போனிலும் பார்க்காமல் காப்பாற்றி வைத்ததை நான் ஒரு துண்டுக் காகிதத்தில் காலி செய்துவிட்டேன். இப்போதெல்லாம் கண்ணாடிக் கூட்டை உதறிப் பார்த்துவிட்டுத்தான் திறக்கிறீர்களாமே, அத்தை சொன்னாள். கேட்டதும் பள்ளிக்கூடத்தில் பெஞ்சுக்கு அடியில் போய் உட்காரலாம் போலிருந்தது.

சொன்னதைத் திரும்ப எடுத்துக்கொள்ள முடியாது. ஆனால் சந்தேகத்தைத் திருப்பித் தர முடியுமா என்று பார்த்தேன். இத்துடன் ஐந்து சீட்டுகள் இருக்கின்றன. கொன்றது மனைவி, கொன்றது தம்பி, கொன்றது டிரைவர், கொன்றது மேனேஜர், கொன்றது டாக்டர். எல்லாம் என் கையெழுத்துதான், எல்லாம் ஒரே பேனாதான். கூட்டுக்குள் போட்டுக் குலுக்குங்கள். வருகிற ஞாயிறு மதியம் கடைசிக் காட்சி, அதன் பிறகு படத்தை எடுத்துவிடுகிறார்கள். இரண்டு டிக்கெட் வைத்திருக்கிறேன். தயவுசெய்து வாருங்கள்.

அத்தைக்கு என் வணக்கம். உங்கள் வீட்டுப் பூனைக்கும், அதன் வாலுக்கும் என் மரியாதை. உங்கள் கையால் ஒரு அறையும் அதன் பிறகு ஆசியும் வேண்டும்,

தங்கை மகன்,
வாலு

பின்குறிப்பு: இதை மேலேயே எழுதியிருக்க வேண்டும், வெட்கம் விடவில்லை. அந்தப் படத்தை நான் அதற்கு முன் பார்த்ததே இல்லை. வாசல் போஸ்டரில் இருந்த ஐந்து பேரில் டாக்டர் என்று எழுதியது குருட்டாம்போக்கில். டாக்டர் என்றால் ஊசி இருக்கும், ஊசி இருந்தால் கொல்லலாம் என்று ஒரு கணக்கு. முடிவு தெரியும் என்று கூட்டாளிகளிடம் பீற்றியதும் பொய். நீங்கள் போனபின் நான் உள்ளே போகவில்லை, சைக்கிள் ஸ்டாண்டில் உட்கார்ந்திருந்தேன். போனில் தேடினால் ஒரு நிமிடம், தேடவில்லை. அந்தக் காலத்தில் உங்கள் தயவில் ஓசியில் நாலு தடவை பார்த்த அம்மா இந்தக் கடிதத்தைப் படித்தாள். டாக்டர் என்ற இடம் வந்ததும் முந்தானையால் வாயை மூடிக்கொண்டாள். சிரித்தாளா, திடுக்கிட்டாளா? கேட்டால் சொல்ல மாட்டேன் என்கிறாள். மூன்று நாளாக எனக்குத் தூக்கமில்லை. வாங்க மாமா, யார் கொன்னாங்கன்னு எனக்கும் தெரியணும்.