மணிலா வாஜித் எழுதிய வசனம்

பழைய படம் ஒன்றின் வசனகர்த்தாவுடைய பேத்தி, அதன் திரையிடலுக்காக மணிலாவில் விமானம் ஏறிவிட்டாள் என்று திரைப்படச் சங்கத்தார் போனில் சொன்னபோது, பர்மாவில், பசுந்தாங் வீட்டில் வாஜிதின் கிண்ணத்து மொகிங்கா நூடுல்ஸ் ஆறிப்போனது.

போர் முடிந்த கையோடு மணிலாவில் எடுத்த படம். ஒரே பிரதி போட்டாதாங் துறைமுகக் கிடங்கு ஒன்றில் கிடைத்தது. பர்மிய மொழியில் சப்டைட்டில் எழுத ஆள் தேடினார்கள். ஆறு வருடம் மணிலாச் சந்தையில் பேரம் பேசியவன் என்று ஊரெல்லாம் சொல்லிக்கொண்டு திரிந்தவரை விடுவார்களா?

உண்மையில் வாஜித் மணிலாவைக் கண்டது கப்பல் தளத்தில் நின்று, நான்கே நாள். படத்தில் பேசியது ஒரு சொல்லும் புரியவில்லை. முகங்களைப் பார்த்து, மனதில் பட்டதை எழுதிக் கொடுத்துவிட்டார்.

வெள்ளிக்கிழமை மகள் சமீனாவுக்கு நிக்காஹ். மாப்பிள்ளை சிங்கப்பூரில் எஞ்சினியர். அவருடைய அத்தா பர்கத்துல்லா, 'மணிலா வாஜித்' வீட்டுப் பெண் என்றுதான் கேட்டு வந்தார். இன்றைய திரையிடலில் அவருக்கு முன்வரிசையில் இருக்கை. குட்டு உடைந்தால் சம்பந்தமும் உடையும்.

படத்தின் பேச்சு காதில் விழுந்தால்தானே பேத்தி எழுத்தோடு ஒப்பிட்டுப் பார்ப்பாள்? வாஜித் அரங்கத்து ஒலிபெருக்கியின் கம்பியைப் பிடுங்கிவிட்டு, பழுது என்று சொல்லிவிட்டார்.

பேத்தி லூர்தஸுக்குப் பர்மிய எழுத்து தெரியாது என்பது அதற்குப் பிறகுதான் உறைத்தது. சத்தம்தான் இல்லை, எழுத்தில் ஓடுவதையாவது யாராவது ஆங்கிலத்தில் சொல்லுங்களேன் என்று அவள் கேட்டாள்.

மனைவி அஸ்மா ஆங்கில டீச்சர். அவரை லூர்தஸ் பக்கத்தில் உட்காரவைத்து, வேறு ஏதாவது நல்ல கதையாகச் சொல்லிவிடு என்று வாஜித் காதைக் கடித்தார்.

"திரையில இருக்கறதத்தான் சொல்லுவேன், மச்சான்."

இடிந்த தேவாலயத்தின் முன் கதாநாயகி விம்மினாள். கீழே எழுத்து ஓடியது: 'மீன் தலைக்கு ஒரு விலை, வாலுக்கு ஒரு விலை கேட்கிற ஆளை நம்பி எப்படிக் குடித்தனம் நடத்துவது?'

வாஜிதுக்குத் தெரிந்த பெண் வசனமெல்லாம் வீட்டில் வாங்கிக் கட்டிக்கொண்டதுதான்.

அஸ்மா பாதியில் நிறுத்தித் திரும்பினார். "இது போன வாரம் நான் சொன்னதில்ல?"

படம் முடிந்ததும் லூர்தஸ் கண்ணைத் துடைத்துக்கொண்டு மேடை ஏறினாள். அவள் சொன்னதை அஸ்மா பர்கத்துல்லாவுக்குத் தமிழில் சொன்னார். தாத்தாவின் வசனத் தாள் என்றைக்கும் நேரத்துக்கு வந்ததில்லையாம். அதுவரை நடிகர்கள் ஒன்று, இரண்டு, மூன்று என்று வாய்விட்டு எண்ணிக்கொண்டே நடிப்பார்களாம். வசனத்தைப் பிறகு சேர்ப்பார்களாம். இந்தப் படத்துக்குத் தாள் வரவே இல்லை.

"படம் முழுக்க வெறும் எண்ணிக்கைதானாம். கதை என்னன்னு அவங்க குடும்பத்துக்கே இன்னிக்குத்தான் தெரியுதாம். எழுதினவருக்கு நன்றி சொல்றாங்க."

அரங்கம் கைதட்டியது. வாஜிதுக்குப் போன மூச்சு திரும்பியது.

பர்கத்துல்லா மட்டும் கைதட்டவில்லை. தாடியைத் தடவிக்கொண்டே கேட்டார்:

"ஆறு வருஷம் பேரம் பேசினவருக்கு, அந்த ஊரு பாஷையில ஒண்ணு ரெண்டு மூணுகூடவா தெரியல, சம்பந்தி?"

பிறகு அவரே வாஜிதின் தோளில் தட்டினார்.

"விடுங்க, சரிக்குச் சரி. என் மகன் சிங்கப்பூர்ல எஞ்சினியர்னு நானும்தானே சொல்லிவெச்சேன்."