சர்வே எண் 214/7-இல் நடைபெற்ற கச்சேரி

பொழியூரில் இயங்கிய 'யோனா ஸ்கா சபை' என்னும் கிறிஸ்தவ இசைக்குழு, தன் வாழ்நாளில் மொத்தம் மூன்று பாட்டுகள் பாடியது. அதன் சேவையால் பயனடைந்தோர் எவருமில்லை. பாதிக்கப்பட்டவை பன்னிரண்டு குடும்பங்கள்.

ஸ்கா என்பது வெளிநாட்டுத் துள்ளல் இசை. பெங்களூரில் வேலை பார்த்துத் திரும்பிய டெல்வின் அதை ஊருக்குக் கொண்டுவந்தான். கட்டம் போட்ட டையும், உச்சி வெயிலில் கறுப்புக் கோட்டும், கோயிலுக்குள்ளும் கழற்றாத கூலிங்கிளாஸும் கூடவே வந்தன. ஜெஸ்மி பாட்டு, பனச்சமூட்டு ஷைஜு டிரம்ஸ். டிராம்போனுக்கு, மீன்பிடித்தும் சவ ஊர்வலங்களில் ஊதியும் வந்த கிளீட்டஸ் அண்ணன்.

ஒத்திகையைக் கேட்ட டெல்வினின் அம்மா அகஸ்டினா, "எலே மக்கா, பாட்டுக்கு என்ன விக்கலா?" என்றாள்.

"அம்மா, இதுல தட்டுற இடத்துல தட்டப்பிடாது. அத விட்டுட்டு அடுத்தால வாற இடைவெளியில தட்டணும். அதாக்கும் இதுக்க ஸ்டைல்."

அகஸ்டினாவுக்கு வேறு கவலை இருந்தது. மூன்று வருஷத்துக்கு முன் அவள் வீட்டையும் மூன்று சென்ட் நிலத்தையும், பக்கத்துப் பதினொரு குடும்பங்களின் இடத்தையும் கடல் எடுத்துக்கொண்டது. அன்றுமுதல் பள்ளிக்கூட வகுப்பறை ஒன்றில், கரும்பலகைக்குக் கீழே அடுப்பு வைத்துக் குடியிருக்கிறாள். மாற்று வீடு கேட்ட மனு சம்பந்தப்பட்ட அலுவலகத்தின் தீவிர பரிசீலனையில் இருந்தது.

கச்சேரிக்கு மைக் அனுமதி தருவதும் அதே அலுவலகம்தான். சொந்த நிலத்தின் வரி ரசீது வேண்டும் என்றார்கள். குழுவினரின் வீடுகளில் அது இருந்தது அகஸ்டினாவிடம் மட்டும். உரிமை போய்விடக் கூடாதென்று அவள் கடலுக்கும் வரி கட்டிவந்தாள்.

எழுத்தர் விஜயதாஸ் ரசீதைப் புரட்டிப் பார்த்தார்.

"சாரே, அந்த இடம் இப்பம் கடலாக்கும்," என்றான் டெல்வின்.

"வரி கட்டியாச்சா?"

"கட்டியாச்சு."

"அப்பம் இடம் உண்டு."

அனுமதி கிடைத்தது. நிகழ்ச்சி ரசீதிலுள்ள சர்வே எண் 214/7-இன் எல்லைக்குள் மட்டுமே நடைபெற வேண்டும். மீறினால் கருவிகள் பறிமுதல் செய்யப்படும்.

சட்டத்துக்குக் கட்டுப்பட்ட குழு இரண்டு வள்ளங்களைச் சேர்த்துக் கட்டி, பேட்டரியும் ஸ்பீக்கரும் ஏற்றிக்கொண்டு கடலில் இறங்கியது. கிளீட்டஸ் கரையைப் பார்த்தார். கோயில் குருசு ஒற்றைத் தென்னைக்கு நேராக வந்தது. தண்ணீர்த் தொட்டி பள்ளிக்கூடக் கூரைக்கு நேராக வந்தது. கடலுக்கடியில் மீன் கிடக்கும் பாறையை அவர் அடையாளம் பிடிப்பதும் இப்படித்தான்.

"நங்கூரத்தப் போடு. இது உங்க அடுக்களையாக்கும்," என்றார்.

கரையில் நானூறு பேர் கூடியிருந்தார்கள். கடல் பழகாத ஷைஜு பாட்டின் இடைவெளிகளில் வாந்தி எடுத்தான்; தாளம் பிசகவில்லை. மூன்றாவது பாட்டில் கிளீட்டஸ் பழக்க தோஷத்தால் சவ அடக்கத்துக்கு ஊதும் மெட்டில் இறங்கிவிட்டார். கரையில் எல்லோரும் தலைத்துண்டை எடுத்துவிட்டு நெஞ்சில் குருசு வரைந்தார்கள். அத்துடன் கச்சேரி முடிந்தது.

எல்லையைக் கண்காணிக்க வந்த விஜயதாஸ் அறிக்கை எழுதினார்: 'நிகழ்ச்சி 214/7-இல் எல்லை மீறாமல் இனிதே நடைபெற்றது. பார்வையாளர் நானூறு.'

அடுத்த மாதம் அகஸ்டினாவின் மனு திரும்பி வந்தது. மேற்படி நிலத்தில் இசை நிகழ்ச்சி நடைபெற்றது அலுவலக ஆய்வில் உறுதியாகியுள்ளதால், அது கடலில் மூழ்கியது என்ற கூற்று ஏற்கத்தக்கதல்ல. நானூறு பேர் நிற்க இடமிருந்திருப்பதால், 214/1 முதல் 214/12 வரையிலான நிலங்களும் நல்ல நிலையில் இருப்பதாகக் கருதப்படுகிறது.

டெல்வின் அலுவலகத்துக்கு ஓடினான். "சாரே, நாங்க வள்ளத்துலல்லா நின்னோம்!"

"வள்ளம்னு எழுதியிருந்தா துறைமுக அனுமதி எங்கேன்னு கேப்பாங்க. உனக்கு உதவிதான் செய்தேன், மக்கா," என்றார் விஜயதாஸ். அவர் குரலில் உண்மையான வருத்தம் இருந்தது.

பன்னிரண்டு குடும்பங்களும் மேல்முறையீடு செய்தன. மேலதிகாரி விமலகுமாரி மனிதாபிமான அடிப்படையில் நேரடி விசாரணைக்கு உத்தரவிட்டார். மனுதாரர்கள் வரும் திங்கள் காலை பதினொரு மணிக்குத் தத்தம் நிலத்தில் நேரில் நிற்க வேண்டும். நிற்காதவர்களின் மனு தள்ளுபடி செய்யப்படும். நின்றவர்களுக்கு நிலம் இருப்பதாக முடிவு செய்யப்படும்.

டெல்வின் நோட்டீஸை வாசித்து முடித்தான். டை கழுத்தில் இல்லை. அகஸ்டினா அடுப்புக்குள் விறகைத் தள்ளினாள்.

"மக்கா, அந்த விக்கல் பாட்டுல எங்க தட்டணும்னு நீ சொன்ன?"

"தட்டுற இடத்த விட்டுட்டு, அடுத்தால."

"அப்பம் ஆபீஸ்காரங்க இந்தப் பாட்ட உனக்கு முன்னாலயே படிச்சவங்களாக்கும்."