பேட்டரிக்கு மானியம் கிடையாது

உலகத்தில் பொருள் வாங்குகிறவர்கள் உண்டு, வாங்காமல் சமாளிக்கிறவர்களும் உண்டு. இந்த இரண்டிலும் சேராத மூன்றாவது இனம் ஒன்று, காலையில் செய்தித்தாளும் கையுமாக நம் நடுவே நடமாடிக்கொண்டிருக்கிறது. மானியப் பிரியர் என்று அதற்குப் பெயர் வைக்கலாம். மானியப் பிரியர் பொருளை வாங்குவதில்லை. மானியத்தை வாங்குகிறார், பொருள் அதன் பின்னாலேயே வீட்டுக்கு வந்து சேர்கிறது. அது எதற்கு, எங்கே வைப்பது, யார் துடைப்பது என்பதெல்லாம் அவருடைய மனைவியின் கவலை. ஆளைக் கண்டுபிடிப்பது ஒன்றும் கஷ்டமில்லை. கடைக்காரர் விலை சொன்னதும் நீங்களும் நானும் "கொஞ்சம் குறைச்சுத் தாங்க" என்போம். இவரோ "இதுக்கு கவர்மெண்டு என்ன தருது?" என்பார். ஒன்றும் தரவில்லை என்று தெரிந்தால் அந்தப் பொருளின் மேல் இவருக்கு இருந்த மதிப்பே போய்விடும்.

சுசீந்திரம் தேர் வீதியில் இருக்கும் நாராயணபெருமாள் இந்த இனத்தில் உயர்ந்த ரகம். வடசேரியில் ஒரு கூட்டுறவுச் சங்கத்தில் வேலை. அவர் மனைவி பகவதி கெட்டிக்காரி, வீட்டிலேயே மாவு அரைத்து விற்கிறாள். கல்யாணமான நாள் முதல் அவள் வீட்டுக்கு வந்து சேர்ந்தவற்றை ஒரு நடை பார்த்துவிடுவோம். மாடு கிடையாது, சாண எரிவாயுக் கலன் உண்டு. "மாடு பொறவு பாத்துக்கலாம், ஸ்கீம் மார்ச்சோட முடியுகு" என்று சொல்லிக் கட்டியது. இப்போது அந்தக் குழியைச் சுற்றிச் சேம்பு செழிப்பாக வளர்கிறது. கால்வாய்த் தண்ணீர் வரப்பைத் தாண்டி ஓடுகிற நெல்வயலுக்குச் சொட்டுநீர்க் குழாய் வந்தது. அதில் பகவதி துணி காயப்போடுகிறாள். சூரிய அடுப்பு என்று கண்ணாடி மூடி போட்ட ஒரு பெட்டி வந்தது. காலையில் அரிசியை வைத்தால் சாயங்காலம் சோற்றுக்குத் தூரத்துச் சொந்தமான ஏதோ ஒன்று கிடைக்கும். நாராயணபெருமாள் அதை ஒரே ஒரு நாள் சாப்பிட்டார், ஆகா என்றார், மறுநாள் அலுவலகத்துக்குப் பக்கத்து ஓட்டலில் சாப்பிட்டுக்கொண்டார்.

இப்படிப்பட்டவரிடம் வீட்டுக்கூரையில் சோலார் வைத்தால் மத்திய அரசு ஒரு மானியம் தருகிறது, அதற்கு மேல் மாநில அரசு தனியாக ஒரு ஊக்கத்தொகை தருகிறது என்றால் என்ன ஆகும்? மானியத்தின் மேல் மானியம்! மனுஷனுக்கு அன்று காலைக் காபி இறங்கவில்லை. இது நடந்தது இரண்டாயிரத்துப் பதின்மூன்றில். தமிழ்நாட்டில் கரண்டு வந்தால்தான் செய்தி, போனால் அதைப் பற்றி யாரும் பேசுவதுகூட இல்லை என்றிருந்த காலம். நாராயணபெருமாள் திட்டத்தைக் கரைத்துக் குடித்தார். எந்த அலுவலகத்தில் விண்ணப்பம், எந்தக் கம்பெனி அங்கீகாரம் பெற்றது, கூரையில் பேனல் எந்தத் திசை பார்த்து எத்தனை சாய்வு என்பதெல்லாம் அவர் நாக்கு நுனியில். வடசேரி பஸ்ஸில் அவர் ஏறினால் கண்டக்டர் உட்பட எல்லோரும் சோலார் படித்தார்கள். அக்கம்பக்கத்தில் நாலு வீட்டில் அவர் பேச்சைக் கேட்டுப் பேனல் ஏறியது. அவர் வீட்டில் மட்டும் ஏறவில்லை.

ஏன் தெரியுமா? தேர்தல் வருகிறதே! "பொறு பகவதி, ஊக்கத்தொகையைக் கூட்டுவான்" என்றார். கூட்டவில்லை. "இன்னும் கொஞ்சம் பொறு." பொறுத்துப் பொறுத்து, கடைசியில் இந்த வருஷ ஒதுக்கீடு முடியப் போகிறது என்று யாரோ சொன்னதும் செருப்பைக்கூட மாற்றிப் போட்டுக்கொண்டு ஓடினார். கம்பெனியிலிருந்து பேனல் மாட்ட லிபின் என்பவர் வந்தார்.

"அண்ணாச்சி, பேட்டரியும் சேத்து வச்சிரலாமா?"

"பேட்டரிக்கு மானியம் உண்டுமா?"

"அது இல்ல. நம்ம கையில இருந்துதான் போடணும்."

"அப்ப அது எதுக்கு?" என்றார் நாராயணபெருமாள். பேச்சு முடிந்தது.

அப்போது பகவதி பக்கத்தில் இல்லை. கோயில் தெப்பக்குளத்தங்கரை டீக்கடை முத்துநாயகத்திடம் பேசிக்கொண்டிருந்தாள். பேச்சு என்ன? மார்கழித் தேரோட்டம்! அன்றைக்கு ஊர் கொள்ளாத கூட்டம் வரும், போடப் போட உளுந்தவடை விற்கும். வருஷா வருஷம் முத்துநாயகம் அவளிடம் வடைமாவு கேட்பார், வருஷா வருஷம் அவள் மாட்டேன் என்பாள். ஏனென்றால் தேர் நகரும்போது அதன் உச்சி மின்கம்பியில் தட்டிவிடக் கூடாதென்று தேர் வீதிகளில் கரண்டை நிறுத்திவிடுவார்கள். வடைமாவோ அரைத்த சூட்டில் எண்ணெய்க்குப் போக வேண்டிய பண்டம். முந்தின நாள் அரைத்து வைத்தால் எண்ணெயைக் குடித்துக்கொண்டு சப்பென்று கிடக்கும். ஊரே வடை தின்கிற நாளில் ஊரிலேயே நல்ல மாவு அரைக்கிறவள் சும்மா உட்கார்ந்திருப்பது எப்படிப்பட்ட வயிற்றெரிச்சல் என்பது அரைத்து விற்கிறவர்களுக்குத்தான் தெரியும்.

இந்த வருஷம் அவள் நிமிர்ந்து நின்று சொன்னாள்: "அண்ணாச்சி, வேற ஆருகிட்டயும் மாவு சொல்லாதிய. மாவு நான் தாறேன். எங்க வீட்டுல சோலார் இருக்குல்லா."

கணவரிடம் கேட்டுக்கொள்ள வேண்டாமா என்கிறீர்களா? மேலே வெயில், வெயிலில் பேனல், பேனலில் கரண்டு. இதில் கேட்பதற்கு என்ன இருக்கிறது?

தேரோட்டத்தன்று காலை. உளுந்து ஊறிப் பருத்துப் பெரிய பித்தளைச் சருவம் நிறைய இருந்தது. வெளியே வெடிச் சத்தம், சங்கு, கூட்டம். கரண்டு போயிற்று. பகவதி சிரித்துக்கொண்டே உளுந்தை அள்ளிக் கிரைண்டரில் போட்டு சுவிட்சைத் தட்டினாள். கிரைண்டர் அசையவில்லை. மறுபடியும் தட்டினாள். மொட்டைமாடியில் பேனல் வெயிலில் தகதகத்துக்கொண்டிருந்தது.

"கேட்டியளா, சோலார் ரிப்பேரா போச்சு!"

புது வேட்டி கட்டித் தேர் வடம் பிடிக்கக் கிளம்பிக்கொண்டிருந்த நாராயணபெருமாள் உள்ளே வந்து பார்த்தார். அவர் முகத்தில் ஒரு வாத்தியார்க் களை வந்தது.

"ரிப்பேர் ஒண்ணும் இல்ல. அது சட்டம். லைன்ல கரண்டு நின்னா நம்ம பேனலும் தானா நின்னுரும். இல்லன்னா நம்ம கரண்டு கம்பியில ஏறி, போஸ்ட்ல வேலை செய்யிற ஆளை அடிச்சிரும்லா? பேட்டரி இருந்தா மட்டும்தான் அது தனியா ஓடும். நல்ல ஏற்பாடாக்கும்."

பகவதி சுவிட்சை அணைத்துவிட்டுத் திரும்பினாள்.

"இது உங்களுக்கு மொதல்லயே தெரியுமா?"

"தெரியாம பின்ன? அந்த விதி முழுசும் எனக்கு மனப்பாடம்."

பகவதி கிரைண்டரில் போட்ட உளுந்தைத் திரும்பச் சருவத்தில் அள்ளிப் போட்டாள். முத்துநாயகம் வேறு யாரிடமும் மாவு சொல்லவில்லை. அடுப்பில் எண்ணெய்ச் சட்டி ஏற்றி வைத்துக்கொண்டு இவள் வரும் வழியைப் பார்த்துக்கொண்டிருப்பார். இத்தனை வருஷமாக முடியாது முடியாது என்று சொல்லிக் காப்பாற்றிய பெயரை, முடியும் என்று ஒரு தடவை சொல்லிக் கெடுத்துக்கொண்டோமே என்று நினைத்தாள். அந்த நேரம் பின்தெருவிலிருந்து கரகரவென்று ஒரு சத்தம் கேட்டது. கிரைண்டர் ஓடுகிற சத்தம்! கரண்டு இல்லாத ஊரில் யார் வீட்டில் ஓடுகிறது? பகவதி புழக்கடை வழியாக ஓடினாள். பேனல் ஏறிய அந்த நாலு வீட்டில் ஒன்றான செல்லபாய் வீட்டுத் திண்ணையில் கிரைண்டர் சுற்றிக்கொண்டிருந்தது. அவள் தேங்காய் அரைத்துக்கொண்டிருந்தாள்.

"உனக்கு மட்டும் எப்பிடி ஓடுகு?"

"பேட்டரி வச்சிருக்கேன்லா. ஒங்க வீட்டுக்காரருதான் வந்து உக்காந்து படிச்சுப் படிச்சு சொன்னாரு, பேட்டரி இல்லாம வச்சிராத செல்லபாய், கரண்டு போனா பேனலும் கூடவே போகும், கைக்காசு போனா போகட்டும்னு. நல்ல மனுஷன்!"

"தேங்கா அரைச்சு முடிச்சதும் கிரைண்டரை எனக்குத் தா" என்றாள் பகவதி. வேறு ஏதாவது சொல்லியிருந்தால் தேர்த்திருநாளும் அதுவுமாக நல்லதாக இருந்திருக்காது. திரும்பி வந்து சருவத்தைத் தூக்கிப் புது வேட்டிக்காரரின் தோளில் வைத்தாள்.

"நடங்க."

புழக்கடைச் சந்து குறுகல், சருவத்தோடு போக முடியாது. வீதி வழியாகத்தான் சுற்றிப் போக வேண்டும். வீதியோ மனிதத் தலைகள். நாராயணபெருமாள் இடித்துப் பிடித்துப் போய்க்கொண்டிருந்தபோது, பஸ் சிநேகிதர் ஒருவர் கூட்டத்திலிருந்து கையை ஆட்டினார்.

"அண்ணாச்சி! அந்த சோலார் ஊக்கத்தொகை இன்னும் உண்டுமா?"

நாராயணபெருமாளின் கால் நின்றது. பூட்டியிருந்த ஒரு கடையின் படியில் சருவத்தைப் பதனமாக இறக்கினார். துண்டால் முகத்தைத் துடைத்தார். "உண்டு. ஆனா மொதல்ல நீரு செய்ய வேண்டியது என்னன்னா..." என்று விரலை மடக்கினார். பக்கத்தில் நின்ற இரண்டு பேர் காதைக் கொடுத்தார்கள். பிறகு நாலு பேர். தேருக்கு முதுகைக் காட்டிக்கொண்டு ஒரு சிறு கூட்டமே சேர்ந்துவிட்டது.

பகவதி அங்கே நிற்கவில்லை. சருவத்தைத் தானே தூக்கித் தலையில் வைத்துக்கொண்டு போய்விட்டாள். அவர் திரும்பிப் பார்த்தபோது படி காலியாக இருந்தது. செல்லபாயின் சின்னக் கிரைண்டரில் ஈடு ஈடாக அரைத்து, முதல் ஈடு மாவு கடைக்குப் போய்ச் சேர்ந்தபோது முத்துநாயகம் வாயில் வந்ததையெல்லாம் சொல்லத் தயாராக இருந்தார். முதல் வடையைப் பிட்டு வாயில் போட்டதும் சொல்ல வந்ததை மறந்துபோனார். "அடுத்த வருஷமும் நீதான் தாயி" என்றார். தேர் நிலைக்கு வந்து சேர்ந்தும் வடைக்கூட்டம் கலையவில்லை.

அந்த வாரமே பகவதி மாவு விற்ற காசில், முழு விலை கொடுத்து, பேட்டரி வாங்கினாள். முழு விலை! நாராயணபெருமாள் இரண்டு நாள் சரியாகச் சாப்பிடவில்லை. "கொஞ்சம் பொறுத்திருக்கலாம், பேட்டரிக்கும் ஒரு ஸ்கீம் வராமலா போகும்" என்று பஸ்ஸில் எல்லோரிடமும் சொல்லி வருத்தப்பட்டார். இன்றும் காலையில் பேப்பரைப் பிரித்ததும் அதைத்தான் தேடுகிறார். வந்துவிட்டால் பகவதியிடம் காட்டலாமே. வரவில்லை. கரண்டு போகிற நேரமெல்லாம் அவர் தலைக்கு மேல் மின்விசிறி சுற்றுகிறது, அவர் அண்ணாந்து பார்த்துப் பெருமூச்சு விடுகிறார்.

பாவம் என்று சிரிக்கிறீர்கள். சிரியுங்கள். ஆனால் ஒன்று கேட்கிறேன், உண்மையைச் சொல்லுங்கள். மேலே மானியத்தின் மேல் மானியம் என்று படித்த இடத்தில், பகவதியின் உளுந்தை மறந்துவிட்டு, 'அது இப்பவும் தருகிறார்களா, எங்கே விசாரிப்பது?' என்று உள்ளுக்குள் ஒரு குரல் கேட்டதா, இல்லையா? கேட்டிருந்தால் வெட்கப்பட ஒன்றுமில்லை. சுசீந்திரத்துக்கு வந்தால் நாராயணபெருமாள் எல்லாம் சொல்லித் தருவார். கிளம்புவதற்கு முன், உங்கள் வீட்டுக்காரி யாருக்கு என்ன வாக்குக் கொடுத்திருக்கிறாள் என்று மட்டும் கேட்டுவிட்டு வாருங்கள்.