அலுவல் நேரத்து ஆடவர்

அந்த ஊர்ப் பெரிய ஆஸ்பத்திரியில் பெண்கள் அளவுக்கு மீறிச் சாகிறார்கள் என்பதை மேலிடம் நெடுநாள் யோசித்துக் கண்டுபிடித்தது. காரணம் ஊருக்கே தெரியும். ஆண் டாக்டரிடம் உடம்பைக் காட்டுவதைவிட எமனிடமே காட்டிவிடலாம் என்பது பெண்களின் கட்சி. பெண்கள் வார்டுக்குள் ஆண்கள் கால் வைக்கக் கூடாது என்பது ஆஸ்பத்திரியின் கட்சி. எனவே டாக்டர் வாசலில் தொங்கும் திரைக்கு வெளியே உட்கார்ந்திருப்பார். உள்ளிருந்து ஒரு கை மட்டும் நீளும். வயிற்றுவலியானாலும் மார்பில் கட்டியானாலும் அந்தக் கையைப் பிடித்தே அவர் ஞானதிருஷ்டியால் அறிந்துகொள்ள வேண்டும். சில சமயம் துணைக்கு வந்த நாத்தனாரின் கையே நீண்டுவிடும். நாத்தனார் நல்ல ஆரோக்கியத்துடன் இருப்பதாகச் சொல்லி நோயாளியை வீட்டுக்கு அனுப்பிவிடுவார்கள்.

ஆகவே, பெண்களுக்கு வைத்தியம் பார்க்கப் பெண் டாக்டர் ஒருவரை நியமித்து உத்தரவு வந்தது. அந்த நாட்டில் டாக்டர் படிப்பு முடித்த முதல் பெண் அவள்தான். படித்த காலத்தில் அவளை வகுப்புக்கு வெளியே, ஜன்னலோரம் உட்கார வைத்திருந்தார்கள். பிணம் அறுக்கும் கூடத்துக்கு அவள் போனால், பிணத்தின் மானம் போய்விடும் என்று கழுத்துவரை போர்த்திவிட்டார்கள். இத்தனையையும் தாண்டி வந்தவளுக்கு இனி என்ன வந்துவிடப் போகிறது என்று தோன்றியது. அவள் இன்னும் பெரிய கிளார்க்கைப் பார்க்கவில்லை.

பெரிய கிளார்க்குக்கு ஊர் வைத்த பெயர் சட்டப்புலி. அவர் கெட்டவர் இல்லை. எழுந்து நின்று வணக்கம் சொல்லி, நாற்காலியைத் துடைத்துப் போட்டு, பிறகுதான் விஷயத்துக்கு வந்தார்.

"தப்பா நினைச்சுக்காதீங்கம்மா. டாக்டர்னா தக்க கல்வி பெற்ற ஆடவர்னு விதி சொல்லுது. விதியை மீற முடியாது. உங்களைச் சேர்க்கச் சொல்லி உத்தரவு வந்திருக்கு. உத்தரவையும் மீற முடியாது. அதனால காலையில ஒன்பதிலேருந்து சாயங்காலம் அஞ்சு வரைக்கும் உங்களை ஆம்பளைன்னு வெச்சுக்கிட்டோம்."

"அஞ்சு மணிக்கு மேல?"

"அது உங்க சொந்த விஷயம். ஆபீஸ் தலையிடாது."

டாக்டரம்மாவுக்குச் சிரிப்பு வந்தது. என்னவாகவோ வைத்துக்கொள்ளட்டும், நமக்கு வேலை நடந்தால் சரி என்று நேரே பெண்கள் வார்டுக்குப் போனாள். வாசலில் காவலாளி கையை நீட்டி மறித்தான். ஆண்களுக்கு உள்ளே அனுமதி இல்லை.

அவள் கோபத்தோடு பெரிய டாக்டரிடம் போனாள். ஆஸ்பத்திரிக்கே தலைவர் அவர். பெண்களின் மானத்தைக் காக்க அந்த விதியை எழுதியவரும் அவரே. பெண் டாக்டர் வந்ததில் தமக்கு அளவில்லாத மகிழ்ச்சி என்றும், ஆனால் இன்று ஓர் ஆணுக்குக் கதவைத் திறந்தால் நாளை எல்லா ஆண்களும் நுழைவார்கள் என்றும் பரிவோடு விளக்கினார். அவள் திரைக்கு வெளியே போய் உட்கார்ந்தாள். உள்ளே இருந்த கிழவி குரலைக் கேட்டுவிட்டு, வெளியே இருப்பது பொம்பளை போலிருக்கிறதே என்று ஆயாவிடம் கேட்டாள். பொம்பளைதான், ஆனால் உத்தரவுப்படி ஆம்பளை என்றாள் ஆயா. கிழவி நீட்டிய கையை உள்ளே இழுத்துக்கொண்டாள்.

அன்று அடுத்த கட்டிலில் பிள்ளை பெற்ற ஒரு சின்னப் பெண் காய்ச்சலில் செத்துப்போனாள். திரையைத் தாண்டினால் பத்தடி தூரம். டாக்டரம்மாவின் சிரிப்பு அதோடு நின்றுபோயிற்று.

ஐந்து மணி அடித்தது. சட்டப்புலி வெளியே போகும்போது அவளைப் பார்த்து, "போய்ட்டு வரேன் தாயீ" என்றார். காலையில் அவள் கையெழுத்துப் போட்டு வேலையில் சேர்ந்ததிலிருந்து 'சார்' என்று கூப்பிட்ட மனிதர். டாக்டரம்மா அங்கேயே நின்று யோசித்தாள். பிறகு திரும்பி வார்டுக்கு நடந்தாள். காவலாளி விலகி வழிவிட்டான். பார்வையாளர் நேரம் தொடங்கியிருந்தது. பெண்கள் உள்ளே போகலாம்.

அன்றிலிருந்து அவள் தினமும் ஐந்து மணிக்குமேல் பார்க்க வந்தாள். கட்டிலுக்குக் கட்டில் யார் என்று காவலாளி கேட்டால், ஒருத்திக்குச் சித்தி, ஒருத்திக்கு மதினி, ஒருத்திக்குச் சம்பந்தி. வார்டு முழுக்க உறவு முளைத்தது. பார்வையாளர் மருந்து கொடுக்கக் கூடாது. வீட்டுச் சாப்பாடு கொடுக்கலாம். அதனால் தன் காசில் வாங்கிய மருந்தைத் தூக்குவாளியில் கொண்டுவந்து கரண்டியால் ஊட்டினாள். பெண்கள் சாவது குறைந்தது.

இதைப் பெரிய டாக்டர் கூர்ந்து கவனித்தார். சாயங்காலம் உறவினர் வந்து போனபின் நோயாளிகள் தேறுகிறார்கள். ஆகவே நோயைத் தீர்ப்பது உறவினரின் அன்பே என்று முடிவு கட்டினார். டாக்டர்கள் மாநாட்டில் பேசிக் கைதட்டலும் வாங்கினார். அதன்பின் நாடெங்கும் ஆஸ்பத்திரிகளில் அன்பு வைத்தியம் நாகரிகமாகிவிட்டது. பணக்காரர்கள் வாடகைக்கு உறவினர் வைத்துக்கொண்டார்கள்.

அப்போதுதான் பெரிய டாக்டரின் மனைவிக்குப் பிரசவ வலி கண்டது. காலை நேரம். பெண்கள் வார்டில் கொண்டுவந்து சேர்த்தார்கள். பிள்ளை குறுக்கே கிடக்கிறது, தன்னால் ஆகாது என்று மருத்துவச்சி கையை விரித்துவிட்டாள். அம்மாள் வலியிலும் தெளிவாக இருந்தாள்: எந்த ஆம்பளையும் உள்ளே வரக்கூடாது, புருஷனும் சேர்த்துத்தான். பெரிய டாக்டர் திரைக்கு வெளியே நின்று மனைவியின் கையைப் பிடித்துப் பார்த்தார். வாழ்க்கையில் முதல்முறையாக, அதில் ஒன்றும் தெரியவில்லை என்பது அவருக்குத் தெரிந்தது.

"அந்தம்மாவை உள்ள அனுப்பய்யா" என்றார் சட்டப்புலியிடம். குரல் உடைந்திருந்தது.

"இப்ப மணி பதினொண்ணு சார். இன்னும் ஆம்பளைதான்." அவரும் கண்ணைத் துடைத்துக்கொண்டார். பிறகு அவருடைய முகம் மலர்ந்தது. "அரை நாள் லீவு போட்டுட்டா பொம்பளை ஆயிடுவாங்க."

அவர் முடிக்குமுன் டாக்டரம்மா உள்ளே ஓடியிருந்தாள். கை கழுவச் சோப்பு கேட்டாள். லீவில் இருப்பவர் ஆஸ்பத்திரிப் பொருளைத் தொடக்கூடாது என்று வாசலிலிருந்து சட்டப்புலி நினைவூட்டினார். நாட்டின் தலைசிறந்த வைத்தியர் செருப்பில்லாமல் தம் வீட்டுக்கு ஓடி, குளியலறைச் சோப்பை எடுத்துக்கொண்டு வந்தார். அவள் கையை உள்ளே விட்டு, மூச்சைப் பிடித்துக்கொண்டு, பிள்ளையை மெல்ல மெல்லத் திருப்பினாள். ஊரே திரைக்கு வெளியே நின்றது. கடைசியில் ஒரு பெண் குழந்தை வீறிட்டது. டாக்டரம்மா சுவரில் சாய்ந்து, முதல் நாள் காய்ச்சலில் செத்த அந்தச் சின்னப் பெண்ணை நினைத்து அழுதாள்.

இந்தச் சாதனையை ஆராய மேலிடத்திலிருந்து குழு வந்தது. எல்லோரையும் விசாரித்து, பெண் டாக்டர் வேலையில் இருக்கும்போது யாரும் பிழைப்பதில்லை, லீவில் இருக்கும்போது யாரும் சாவதில்லை என்ற உண்மையை நிலைநாட்டியது. எனவே அவருடைய ஒப்பற்ற சேவையைப் பாராட்டி நிரந்தர லீவு வழங்கப்பட்டது.

பிறகு அவள் நாள் முழுக்கப் பொம்பளையாகவே விடிந்தால் வார்டுக்குப் போய், விளக்கு வைத்தபின்தான் வீடு திரும்பினாள். ஊரில் பாதிப்பேர் அவள் கையில் பிறந்தவர்கள். தங்கமான மனுஷி என்பார்கள். அடுத்த மூச்சிலேயே, என்ன படித்து என்ன, ஒரு நாளாவது வேலைக்கு வந்திருப்பாளா என்பார்கள்.

குறுக்கே கிடந்து பிறந்த அந்தப் பெண் வளர்ந்து, டாக்டர் படிப்புக்குக் கிளம்பும் நாளில், அப்பாவோடு ஆசி வாங்க வார்டுக்கு வந்தாள். டாக்டரம்மா அப்போது ஒருத்திக்குப் பிரசவம் பார்த்துக்கொண்டிருந்தாள். முடியும்வரை இருவரும் காத்திருந்தார்கள்.

"நல்லாப் படிப்பேன் அத்தை" என்று காலில் விழுந்து எழுந்தாள் அந்தப் பெண். "படிச்சுட்டு, உங்களை மாதிரி லீவு போட்டுட்டு உக்கார மாட்டேன். கண்டிப்பா வேலைக்குப் போவேன்."

பெரிய டாக்டர் பெருமிதத்தோடு மகளின் முதுகில் தட்டிக்கொடுத்தார். அப்போதுதான் பிள்ளை பெற்றிருந்தவளும், படுத்தபடியே, அதுதான் சரி என்று தலையாட்டினாள்.