கத்திரி அண்ணன் வெட்டமாட்டார்

உலகத்திலேயே வெட்டத் தெரியாத ஒரே எடிட்டர் எங்கள் யாங்கோன் கத்திரி அண்ணன்தான். யார் அந்தப் பெயரை வைத்தார்களோ, நல்ல குசும்புக்காரர்கள்.

துறைமுகத்தில் மூட்டை தூக்கிய நம் தமிழ் ஆட்களைப் பற்றி ஒரு வரலாற்று ஆவணப்படம். எழுத்து நான், எடிட்டிங் அவர். திருவிழாவன்று கோயில் மண்டபத்தில் திரையிட அரைமணி நேரம் கொடுத்திருந்தார்கள். எங்கள் ஊர் மின்சாரத்தை நம்ப முடியாது. ஜெனரேட்டருக்கு அவ்வளவுதான் டீசல். அண்ணன் எடிட் செய்த படமோ ஒன்றரை மணி நேரம் ஓடியது.

காரணம், அவருடைய பாழாய்ப்போன கொள்கை. அந்தக் காலத்தில் எடுத்த பழைய காட்சியில் நடந்து வருகிறவர் திரையைத் தாண்டிப் போகும்வரை வெட்டக்கூடாதாம்.

"அண்ணே, ரெண்டு வினாடி போதும். மூட்டை தூக்குறாருன்னு ஜனங்களுக்குப் புரிஞ்சிடும்."

"கப்பல்ல ஏறுற பலகையில பாதி தூரம் வந்துட்டாரு. இப்ப வெட்டுனா அவரு எங்கப்பா போவாரு?"

"அவரு செத்தே எத்தனையோ வருசமாச்சு!"

"அதுக்காகத் தண்ணியில தள்ளச் சொல்றியா?"

டாலா படகுத்துறைக் காட்சியில் ஒரு நாய் பாதி வழியில் உட்கார்ந்துவிட்டது. அது எழுந்து போகும்வரை படமும் போகவில்லை. டீக்கடையிலும் இதே கூத்துதான். எதிரே யாராவது சாலையைக் கடந்தால், அவர் அந்தப் பக்கம் சேரும்வரை அண்ணன் வாயைத் திறக்கமாட்டார்.

கத்தினேன், கெஞ்சினேன், பேச்சை நிறுத்தினேன். மனமே இல்லாமல் நாற்பது நிமிடத்துக்குக் கொண்டுவந்தார்.

திருவிழாவன்று மண்டபம் நிரம்பி வழிந்தது. பலகையில் அந்த மூட்டைக்காரர் பாதி தூரம் வந்திருந்தார். டீசல் தீர்ந்து எல்லாம் இருண்டது. எனக்கு மானமே போயிற்று. எழுந்து மன்னிப்புக் கேட்டு, "எல்லாரும் சாப்பிடப் போங்க" என்றேன்.

இருட்டிலிருந்து ஒரு அம்மாள் குரல் கொடுத்தார். "அந்த ஆளு கப்பல்ல ஏறுனாரா இல்லியாப்பா?"

ஒருவர்கூட எழுந்திருக்கவில்லை. கோயில் தலைவர் முணுமுணுத்துக்கொண்டே, வெளியே நின்ற லாரியிலிருந்து டீசல் வாங்கி ஊற்ற வைத்தார். மூட்டைக்காரர் கப்பலில் ஏறினார். மண்டபமே கைதட்டியது. அண்ணன் மட்டும் கைதட்டாமல் என்னையே பார்த்தார். அந்தப் பார்வையை அதன்பிறகு பல நாள் டீக்கடையில் சகித்தேன்.

போன மாதம் பாங்காக்கில் இருக்கும் மகளோடு தங்கிவிடக் கிளம்பினார். மிங்கலாடோன் விமான நிலையத்துக்கு நான்தான் கூட்டிப்போனேன். என்னைத் திருப்பிக் கூட்டிப்போகக் காத்திருந்த டாக்சிக்காரர் விடாமல் ஹாரன் அடித்தார். நிலையத்து வாசல் கண்ணாடிக்கு அப்பால் அண்ணன் பெட்டியை இழுத்துக்கொண்டு ஆமை மாதிரி நடந்தார்; நடுவில் நின்று செருப்பு வாரை வேறு சரிசெய்தார். திட்டிக்கொண்டேதான் இருந்தேன். ஆனால் அவர் முழுதாக அந்தப் பக்கம் போய் மறையும்வரை என்னால் திரும்ப முடியவில்லை.