ஆன்டெனா பிடித்த வெள்ளிக்கிழமை

திண்டிவனம்
செவ்வாய்க்கிழமை

அன்புள்ள அக்காவுக்கு, தங்கை தையல்நாயகி எழுதுவது. நீயும் மாமாவும் நலம் என்றே வைத்துக்கொள்கிறேன். நலமில்லாவிட்டால் அதைச் சொல்லவாவது விழுப்புரத்திலிருந்து ஒரு கார்டு வந்திருக்கும்.

போன வெள்ளிக்கிழமை இந்த வீட்டில் யாரிடமும் நான் சொல்லாமல் விட்டது ஒன்றுதான்: கை வலிக்கிறது.

கீழே குடியிருக்கும் வீட்டுச் சொந்தக்காரர் வேங்கடேசன் டி.வி. வாங்கியதும் ஆன்டெனாவை என் மாடி அறை வாசலில்தான் நட்டார். காற்றடித்தால் கம்பம் திரும்பிக்கொள்கிறது, காக்கை உட்கார்ந்தால் சென்னை மறைந்துபோகிறது. பாட்டு நிகழ்ச்சி தொடங்கியதும் அவர் மகன் சக்கரபாணி மாடிப்படியில் நின்று கத்துவான், "அக்கா, ஒரே புள்ளியா வருது, ஜல்தியா திருப்புங்க!" நான் படிக்கும் நாவலில் கதாநாயகி சாகக் கிடப்பாள், அவளை அப்படியே கவிழ்த்து வைத்துவிட்டு ஓடுவேன். அன்றைக்கு நான் கம்பத்தைத் தொட்டால் படம் தெளிந்தது, கையை எடுத்தால் போனது. கீழே தெருப் பிள்ளைகள் அத்தனை பேரும் அலறினார்கள். "அப்டியே புடிச்சிக்கினு நில்லுங்கக்கா! கைய எடுத்தா ஹீரோ ரெண்டா தெரியறாரு!" "ரெண்டு பேர்னா உங்களுக்கு லாபம்தானே?" என்றேன். "பேஜாரு பண்ணாதீங்கக்கா!" கடைசிப் பாட்டு வரை நின்றேன், தூறல் வேறு.

முடிந்ததும் சக்கரபாணியின் அக்கா பூமாலை, பத்தாவது படிக்கிறாள், மூச்சிரைக்க மேலே வந்தாள். "நீங்கதான் எதையுமே பாக்கலியே" என்று ஒவ்வொரு பாட்டையும் ஆடிக் காட்டினாள். கதாநாயகியின் புடவை என்ன நிறம் என்று கேட்டேன். "கறுப்பு வெள்ளை டி.வி.க்கா. நான் ரோஸுன்னு வச்சிக்கினேன்" என்றாள். வாரம் முழுவதும் இந்த அறைக்குள் வருகிற ஒரே ஆள் அவள்.

ஆனாலும் இது அநியாயம். படத்தைத் தெளிவாக்கும் பூஸ்டர் ஒன்றை மாமாவின் ரேடியோ கடையிலிருந்து பஸ் கண்டக்டரிடம் கொடுத்தனுப்பு. நான் நிம்மதியாகப் படிக்க வேண்டும்.

மாமாவுக்கு வணக்கமும் குட்டியின் கன்னத்துக்கு ஒரு கிள்ளும்.

தையல்நாயகி

பி.கு.: பூஸ்டர் வேண்டாம். வேங்கடேசன் கடைக்கு வந்து கேட்டாலும் சரக்கு தீர்ந்துவிட்டது என்று மாமாவைச் சொல்லச் சொல்.

சனிக்கிழமை: தபாலில் சேர்க்காமலே வைத்திருந்தேன். வேங்கடேசன் பாண்டிச்சேரிக்குப் போய் பூஸ்டர் வாங்கி வந்து மாட்டிவிட்டார். நேற்று நிகழ்ச்சி தடங்கலில்லாமல் ஓடியது. பூமாலை மேலே வரவில்லை.