கானுக்கு அந்தப் பக்கத்துப் பூசணி

எஹலியகொட,
ஆவணி, 1976

மரியாதைக்குரிய தங்கையா மாமாவுக்கு, உங்கள் அக்கா மகன் சண்முகநாதன் வணங்கி எழுதுவது.

இங்கே மழை. விடிகாலையில் பெய்வதால் றப்பர் பால் வெட்டு இல்லை. அம்மாவுக்கு முழங்கால் வலி. மற்றபடி குரல் உட்பட எல்லாம் நலம். வரக்காப்பொலையில் நீங்களும் இராஜம் அத்தையும் கடையும் குறையில்லாமல் இருக்க வேண்டும்.

உங்கள் கடிதம் வந்தது. பக்கத்துக் கடை ஸஹாப்தீன் நானா, "ஒங்கட மருமகன் பேராதனையில என்னத்த படிச்சாரு" என்று கேட்டிருக்கிறார். அரசியல் விஞ்ஞானம் என்று நீங்கள் சொல்லியிருக்கிறீர்கள். "அது என்னத்துக்கு ஆகும்" என்று அவர் திருப்பிக் கேட்டதும், சாமான் கட்டுவதுபோல் குனிந்துகொண்டதாக எழுதியிருக்கிறீர்கள். படித்ததில் ஒரு விஷயத்தை, கடையில் நின்றபடி சொல்லக்கூடிய அளவில், எழுதி அனுப்பச் சொன்னீர்கள்.

எழுதுகிறேன். ஒரே ஒரு சொல். ஆனால் அது இந்த மாதம் எங்கள் லயத்து வீட்டு வரிசையில் செய்ததை வேறெந்தச் சொல்லும் செய்ததில்லை. இனி நீங்கள் குனிய வேண்டியதில்லை.

சொல்: இழந்தநில மீட்புவாதம்.

ஒரு நாடு. அதற்கு ஓர் எல்லை. எல்லைக்கு அந்தப் பக்கம் வேறொருவர் ஆளும் நிலம். 'அது ஒருகாலத்தில் எங்கள் மண், இன்றும் அங்கே இருப்பது எங்கள் சனம், ஆகவே அது எங்களிடம் திரும்ப வேண்டும்' என்று இந்தப் பக்கத்தவர் கேட்பது. இத்தாலியில் போன நூற்றாண்டில் இதற்குப் பெயர் வந்தது. மீட்கப்படாத இத்தாலி என்று சொல்லிச் சொல்லி அழுதார்கள். பிறகு உலகமெங்கும் அழுதார்கள். பொருள் இவ்வளவுதான். உபயோகம்தான் பெரிது.

அந்த இடம் உங்களுக்குத் தெரியும். லயத்துக்குப் பின்னால் மழைத்தண்ணீர் ஓடும் கான். கானுக்கு இந்தப் பக்கம் நம் வீட்டுக் கொல்லை. அந்தப் பக்கம் ஒரு துண்டு நிலம், நாலைந்து பாய் விரிக்கலாம். தாத்தா கல் பொறுக்கிப் பண்படுத்தியது. பெருமழை பெய்த ஒரு வருஷம் தோட்டத்து ஆட்கள் கானை வளைத்து வெட்டினார்கள். துண்டு நிலம், பக்கத்துக் காம்பரா வீட்டு மருதாயிப் பெரியம்மா பக்கம் போய்விட்டது. நிலம் நகரவில்லை. கான்தான் நகர்ந்தது. எல்லைகள் பெரும்பாலும் இப்படித்தான் மாறுகின்றன, மாமா. யாரோ தண்ணீர் வடிய வேண்டும் என்று நினைக்கிறார்கள்.

அம்மா புதுக் கானை இன்றுவரை ஏற்கவில்லை. ஒருநாளும் சண்டையும் போட்டதில்லை. பூசணி போட்டாள். லயத்து வழக்கம் உங்களுக்குத் தெரியும், ஆனால் ஸஹாப்தீன் நானாவுக்கு நீங்கள் சொல்ல வேண்டியிருக்கும்: கொடி எங்கே படர்ந்தாலும் காய் கொடி போட்டவர்களுக்கு. அடுத்தவர் கொல்லையில் காய்த்தாலும் போய்த் தண்ணீர் ஊற்றலாம், பறிக்கலாம். காய் இருக்கிற கொடியில் யாரும் கத்தி வைக்க மாட்டார்கள். அம்மா விதையை நம் பக்கத்தில் ஊன்றுவாள். நுனியைக் குச்சியால் கானுக்கு மேலே திருப்பிவிடுவாள். காயெல்லாம் அந்தப் பக்கம். ஒரு கொடி ஓயும் முன்னே அடுத்தது கானைத் தாண்டியிருக்கும். ஆக வருஷம் முழுக்க, என் நினைவு தெரிந்த காலம் முழுக்க, அந்த மண்ணில் நம் காய் ஒன்றாவது இருந்துகொண்டே இருக்கிறது. படை இல்லை, கொடி மட்டும். இத்தாலிக்காரர்களுக்கு இது தோன்றவில்லை.

இந்த மாதம்தான் ஆபத்து வந்தது. மருதாயிப் பெரியம்மாவின் மாடு சினை. சினைமாட்டை மழையில் கட்டக்கூடாது, அதுவும் வழக்கம். பட்டி போட அவருக்கு இருக்கும் ஒரே இடம் அந்தத் துண்டு. மூங்கில் கால்கள் வெட்டி வந்து, பூசணிக்குப் பக்கத்தில் சாத்திவைத்துவிட்டார். பட்டி எழும்பினால் அந்த மண்ணில் இனி நம் கால் படாது. அம்மா இரண்டு நாள் சரியாகச் சாப்பிடவில்லை. கொல்லைக் கதவில் நின்று மூங்கிலையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

அப்போதுதான் நான் அந்தச் சொல்லை வெளியே எடுத்தேன். ஆறுதலுக்காகத்தான். அடுப்படியில் உட்கார்ந்து, மேலே உங்களுக்கு எழுதியபடியே விளக்கினேன். அம்மா தேங்காய் துருவுவதை நிறுத்திவிட்டாள்.

"இதுக்குப் பேரு வேற வச்சிருக்காங்களா?"

"வச்சிருக்காங்க. புத்தகமே இருக்கு."

"அந்த இத்தாலிக்காரவுங்களுக்கும் கான வளச்சு வெட்டிட்டாங்களா?"

"கிட்டத்தட்ட."

"பாவம்." கொஞ்சம் யோசித்தாள். "அங்க இருக்கிறது எங்க சனம்னு சொல்லிக் கேக்கணும், இல்ல?"

"ஆமா."

"கடலுக்கு அந்தப் பக்கத்துக்காரவுங்க நம்மள அப்பிடிக் கேட்டாங்களா?"

"இல்லம்மா. ரெண்டு நாடும் ஒங்க சனம், ஒங்க சனம்னுதான் மாத்தி மாத்திச் சொல்லிக்கிட்டாங்க."

"அப்ப நம்மளவிடப் பூசணிக்கா தேவல," என்றாள் அம்மா. "அதுக்கு நான் இருக்கேன்."

நாலு வருஷம் விரிவுரை கேட்டிருக்கிறேன், மாமா. ஒரு விரிவுரையும் இவ்வளவு சீக்கிரம் முடிந்ததில்லை.

ஆனால் எங்கள் லயத்தில் காம்பராவுக்கும் காம்பராவுக்கும் நடுச்சுவர் கூரைவரை போகாது. யாருக்குப் பாடம் சொன்னாலும் அது இரண்டு வீட்டுக்கு. சுவருக்கு மேலேயிருந்து மருதாயிப் பெரியம்மாவின் குரல் வந்தது.

"தம்பி, நல்லாச் சொல்லிக்குடுக்கிற. ஒரு சந்தேகம் கேக்கலாமா?"

"கேளுங்க பெரியம்மா."

"என் செவத்தக்கோழி ஒங்க வெறகுக்கட்டுக்குள்ள அட காக்குது. அங்க இருக்கிறது யாரு சனம்?"

நேர்மையாகப் பதில் சொல்ல வேண்டியிருந்தது. "ஒங்க சனம்."

"அப்ப அந்த வெறகுக்கட்டு?"

அம்மா என்னைப் பார்த்தாள். இந்தச் சொல்லின் பெரிய குணமே அதுதான். யார் கையில் எடுத்தாலும் அவர் பக்கத்து நியாயத்தையே பேசும்.

மறுநாள் முழு லயமும் எடுத்துக்கொண்டது. கடைசிக் காம்பரா குமாரவேல் அண்ணன், தன் பாட்டன் போட்ட அம்மிக்கல் அடுத்த வீட்டு வாசலில் கிடப்பதால் அந்த வாசல் மீட்கப்படாத வாசல் என்றார், அடுத்த வீட்டுக்காரர்கள் அப்படியானால் அவர் கூரையில் கிடக்கிற தகரம் தங்கள் தகரம் என்றார்கள், தகரத்தை இறக்க ஏணி வேண்டும், ஏணி பொது, பொது ஏணியில் ஒரு கால் தன் வீட்டு மரம் என்று இன்னொருவர் வந்தார், தண்ணீர்ப் பீலியடியில் குடங்கள் நிற்கும் வரிசையையே பாட்டன் காலத்துப்படி மாற்றச் சொல்லி ஒரு கூட்டம் நின்றது, எல்லோரும் தீர்ப்புக்கு என்னிடம்தான் வந்தார்கள், நான் எல்லோருக்கும் வரைவிலக்கணம் சொன்னேன், எல்லோரும் திருப்தியாகத் திரும்பிப்போய்ச் சண்டை போட்டார்கள். ஒப்புக்கொள்கிறேன், மாமா. வேலையில்லாப் பட்டதாரிக்கு அது நல்ல வாரம்.

செய்தி கணக்கப்பிள்ளை காதுக்குப் போனது. அவர் துரையிடம் சொன்ன விதம்: 'லயத்தில் நிலம் மீட்கும் இயக்கம் ஒன்று ஆரம்பமாகியிருக்கிறது.' வடக்கில் தனிநாடு கேட்டிருக்கிற இந்த வருஷம் நிலம், மீட்பு என்ற இரண்டையும் ஒரு தமிழன் ஒரே மூச்சில் சொன்னால் என்ன ஆகும் என்று உங்களுக்குத் தெரியும். அரசாங்கம் தோட்டத்தை எடுத்த பிறகு வந்த புதுத் துரை, இளம் ஆள். ஜீப்பில் வந்தார். இயக்கம் எங்கே என்று கேட்டார். கூட்டிப்போய்ப் பூசணியைக் காட்டினார்கள்.

நான் முன்னால் போனேன். போகாமல் இருந்திருக்கலாம். ஆங்கிலத்தில் ஆரம்பித்து, சிங்களத்துக்கு மாறி, வரலாற்று உரிமை, சனத்தொடர்பு, நடைமுறை ஆட்சி எல்லாவற்றையும் எடுத்துச் சொன்னேன். இத்தாலியையும் விடவில்லை. துரை பொறுமையாகக் கேட்டார். அவரும் படித்தவர். எல்லாம் கேட்டுவிட்டு, இரண்டு பேர் உரிமை கேட்கும் நிலத்துக்கு ஒரே வழிதான் என்றார். அது தோட்டத்துக்குச் சொந்தம். பூசணியைப் பிடுங்கிவிட்டு நாளைக்கே றப்பர்க் கன்று வைக்க வேண்டும்.

புத்தகத்தில் இதுவும் இருந்தது. அந்த அத்தியாயத்தை நான் அம்மாவுக்குச் சொல்லியிருக்கவில்லை.

மழை தூறியது. துரை முறைக்கு ஒரு தடவை கேட்டார்: "மே இடம காகேத?" இந்த நிலம் யாருடையது.

"அப்பே, மஹத்தயா." எங்களுடையது.

சொன்னது அம்மாவும் மருதாயிப் பெரியம்மாவும். ஒன்றாகச் சொன்னார்கள். பேசிவைத்துக்கொள்ள நேரமே இருக்கவில்லை. நான் நடுவில் நின்றுகொண்டிருந்தேன்.

பிறகு நடந்தது எல்லாம் சிங்களத்தில். இருவரும் சந்தையில் பேசுகிற நல்ல சிங்களம். நம் பேச்சில் எழுதுகிறேன்.

"அப்ப இந்தப் பூசணி யார் போட்டது?" என்றார் துரை.

"மருதாயி அக்கா," என்றாள் அம்மா. "நான் தண்ணி மட்டுந்தான் ஊத்துறது."

"மூங்கில்?"

"பஞ்சவர்ணத்துக்குத்தான்," என்றார் மருதாயிப் பெரியம்மா, அம்மாவைக் காட்டி. "முழங்கால் வலிங்க அதுக்கு. பாலு குடிக்கணும். மாடு நிக்க எடம் வேணுமில்ல."

"சண்டை என்று சொன்னார்களே?"

"யாருக்குங்க?"

"உங்கள் இருவருக்கும்."

பெரியம்மா அம்மாவைப் பார்த்தார். அம்மா பெரியம்மாவைப் பார்த்தாள். இரண்டு பேர் முகத்திலும் இப்படி ஒரு கேள்வியை வாழ்நாளில் கேட்டதேயில்லை என்ற வியப்பு.

"தம்பி படிச்ச பிள்ளைங்க," என்றார் பெரியம்மா. "வீட்டுல சும்மா இருக்கு. எதையாவது பெருசாச் சொல்லும்."

துரை திரும்பி என்னைப் பார்த்தார். அந்த நேரத்தில் அந்தத் தோட்டத்தில் மிஞ்சியிருந்த ஒரே மீட்புவாதி நான்.

"வேலைக்கு மனுப் போட்டிருக்கிறீரா?"

"போட்டிருக்கிறேன், சேர்."

"சீக்கிரம் கிடைக்கட்டும்," என்று சொல்லிவிட்டு ஜீப்பில் ஏறினார். றப்பர்க் கன்றைப் பற்றிப் பிறகு பேச்சே இல்லை.

அன்று மத்தியானம் அம்மா மூங்கில் பிடித்துக்கொடுத்தாள். பெரியம்மா கொடியை ஒதுக்கி ஒதுக்கிக் குழி தோண்டினார். ஒரு காய்கூட அடிபடவில்லை. இடையில் ஒரு தடவை, கால் அந்தப் பக்கம் தள்ளியிருக்கிறது என்று அம்மாவும், கொடி இந்தப் பக்கம் தள்ளியிருக்கிறது என்று பெரியம்மாவும் சொல்லிக்கொண்டார்கள். அது உரிமைச் சண்டை இல்லை, வேலைப் பேச்சு. இப்போது பட்டிக் கூரையில் பூசணி ஏறுகிறது. காய் நமக்கு. கொழுந்துக் கீரை அவர்களுக்கு. சாணம் இரண்டு கொல்லைக்கும். இதற்கு இணையாட்சிப் பகுதி என்று பெயர். அதைப் பற்றி நான் வீட்டில் எதுவும் சொல்லவில்லை. சுவர் அப்படியேதான் இருக்கிறது.

நான் யோசித்துப் பார்க்கிறேன். இந்த லயத்தில் பாதிப்பேர் எந்த நாட்டுக்காரர் என்பது இன்னும் முடிவாகவில்லை. ஒரு நாடும் தன்னுடையது என்று கேட்காத சனம். அந்தச் சனத்தில் இரண்டு பெண்கள், ஓர் அரசாங்கத்தின் முன்னால், மழையில் நின்று, எங்களுடையது என்றார்கள். குரல் தாழவில்லை. பேராதனை நூலகத்தில் அந்தச் சொல்லை எத்தனையோ பக்கங்களில் பார்த்திருக்கிறேன். அதற்கு உயிர் இருக்கிறது என்று அன்றுதான் தெரிந்தது. நம் வீட்டுக் கொல்லையில் தெரிந்தது. எனக்கு அது பெருமை. உங்களுக்கும் இருக்கட்டும்.

ஆகவே ஸஹாப்தீன் நானாவிடம் சொல்லுங்கள். நிமிர்ந்து சொல்லுங்கள். அவர் மகன் புவாட்டுக்கும் சொல்லலாம், அரசியல் விஞ்ஞானம் நல்ல பாடம்.

அத்தைக்கு என் வணக்கம். கடை வாசலில் கூட்டம் குறையாதிருக்கட்டும். அம்மா உங்களுக்குத் தன் ஆசியையும், பட்டிப் பக்கத்தில் முதலில் பறித்த பூசணியையும் அனுப்புகிறாள். சாலியின் லொறியில் கடிதத்தோடு வரும்.

பணிவுள்ள மருமகன்,
சண்முகநாதன்

பின்குறிப்பு: மேலே உள்ளதை அம்மாவுக்கு வாசித்துக் காட்டினேன். துரை வந்த இடத்தில் சிரித்தாள், இரண்டாம் தடவை வாசிக்கச் சொன்னாள். பிறகு, "அந்தத் துண்ட மொதல்ல வெட்டுனது யாரு?" என்றாள். தாத்தா என்றேன். "தாத்தாவுக்கு ஆம்பளப் பிள்ள யாரு?" என்றாள். உங்கள் பெயரைச் சொன்னேன். "என் தம்பிய எனக்குத் தெரியும். இத வாசிச்சா மறுநா மொதல் பஸ்ஸுல வந்து எறங்குவான்" என்றாள். சுவருக்கு மேலேயிருந்து பெரியம்மா, "வரட்டும், ரெண்டு பேருமாச் சேந்து பேசிக்குவோம்" என்றார்.

ஆகவே, மாமா, அப்படி ஒரு சொல் இல்லை. இத்தாலியில் யாரும் எதையும் கேட்கவில்லை. நான் படித்தது பூகோளம் என்று ஸஹாப்தீன் நானாவிடம் சொல்லிவிடுங்கள். பூசணிக்காயும் வராது. இந்த வருஷம் காய்ப்பு மோசம், நிலமும் அவ்வளவு நல்ல நிலமில்லை. முழுக்கக் கல்.